குதிரையில் வந்த விதானையார்

அந்த மனிதர் சிறைக்கூடத்தின் மரப்படியில் நின்று வாயை அசைத்துக்கொண்டிருந்தார். சத்தம் இல்லை. தலையில் அகன்ற தொப்பி, மார்பில் நட்சத்திரம், இடுப்பில் துப்பாக்கி. துப்பாக்கியைத் தொடாமல் இரு கைகளையும் தொங்கவிட்டிருந்தார். கீழே தெருவில் ஊரே திரண்டு நின்றது. முன்னால் நின்ற கடைக்காரரின் கையில் ஒரு கயிறு.

நொர்வேயில், புருசெத்தில் எங்கள் நூலகத்தின் மாடி மண்டபத்தில் இருந்த நாற்பது தமிழ் முதியவர்களும் அப்போது திரையைப் பார்க்கவில்லை. திரையோரத்தில், சிறு விளக்கின் கீழ் நின்ற என்னைப் பார்த்தார்கள். அந்த மனிதர் என்ன சொல்கிறார் என்பதை நான் சொல்லவேண்டும்.

நான் சொன்னேன்.

"கண்டவன் முன்னுக்கு வரட்டும். கேள்விப்பட்டவன் வீட்டுக்குப் போகட்டும்."

இந்த இரண்டு வாக்கியங்களைப் பற்றி எழுதவேண்டாம் என்று நான் எழுதிவரும் இத்தொடரின் வாசகர் சிலர் தொலைபேசியில் கேட்டுக்கொண்டார்கள். பழைய கதை, கிளறுவதால் யாருக்கும் நன்மையில்லை என்றார்கள். ஆகவே எழுதுகிறேன். பெயர்களை மட்டும் மாற்றியிருக்கிறேன்.

பேச்சே இல்லாத படம்

இரண்டாயிரமாம் ஆண்டு பிறந்து சில வருடங்கள் சென்றபின், ஒரு மாசி மாதத்தில் இது நடந்தது. எங்கள் முதியோர் ஒன்றியம் சனிக்கிழமைப் பிற்பகல்களில் அந்த மண்டபத்தில் கூடுவது வழக்கம். வெப்பமூட்டியின்மேல் காயும் குளிர்ச்சட்டைகளின் ஈர மணமும், கோப்பி மணமும், யாரோ வீட்டில் சுட்டுக்கொண்டு வந்த உளுந்துவடையின் மணமும் அங்கே கலந்திருக்கும். ஆண்கள் ஒருபுறம், பெண்கள் ஒருபுறம். அப்படி இருக்கவேண்டும் என்று ஒன்றியத்தின் எந்த விதியிலும் இல்லை.

நூலகர் இங்ரிட் நல்ல எண்ணம் கொண்ட பெண். நொர்வேஜிய மொழி தெரியாத முதியவர்களுக்கு என்ன படம் காட்டலாம் என்று யோசித்து, பேச்சே இல்லாத படம் ஒன்றைத் தேடிப் பிடித்தார். அமெரிக்காவின் மேற்கெல்லையில், சட்டம் இன்னும் முழுதாக வந்து சேராத ஒரு சிற்றூரில், குதிரையில் திரிந்து சட்டத்தைக் காக்கும் அதிகாரி ஒருவரின் கதை. எண்பது வருடத்துக்குமேல் பழைய படம்.

பேச்சு இல்லாவிட்டாலும் எழுத்து இருந்தது என்பதை இங்ரிட் மறந்துவிட்டார். நடிகர் வாயசைப்பார், உடனே திரை கறுத்து, அவர் சொன்னது வெள்ளை எழுத்தில் ஓர் அட்டையாக வரும். ஒருகாலத்தில் இந்த நாட்டுத் திரையரங்குகளில் ஓடிய பிரதி ஆகையால் அட்டைகள் எல்லாம் நொர்வேஜிய மொழியில் இருந்தன.

அவற்றைத் தமிழில் சொல்ல நான் முன்வந்தேன். இறுவட்டை வாங்கி இருமுறை ஓடவிட்டு, அட்டைகளுக்கு எண்ணிட்டு, ஒரு கொப்பியில் இடப்பக்கம் மூலத்தையும் வலப்பக்கம் தமிழையும் எழுதினேன். படத்தின் நாயகரைச் 'சட்டக்காவலர்' என்று எழுதியிருந்தேன். அந்தச் சொல் ஐந்து நிமிடம்கூட உயிரோடு இருக்கவில்லை.

"உவர் விதானையார் எல்லோ?" என்றது பெண்கள் வரிசையில் ஒரு குரல்.

"ஓம், குதிரை வச்சிருக்கிற விதானையார்."

"எங்கடை விதானையாரிட்டை ஒரு சைக்கிள்தான் இருந்தது. அதுவும் எந்த நாளும் காத்துப் போன சைக்கிள்."

ஊரில் அரசாங்கத்தின் பெயரால் கிராமத்தைப் பார்ப்பவர் விதானையார். அதன்பின் படம் முடியும்வரை அவர் விதானையார்தான். நானும் திருத்தவில்லை.

ஒரு சொல்லும் கூட்டாதவன்

என் தொழிலைப் பற்றிச் சிறிது சொல்லவேண்டும். பட்டதாரியான பின் இருபத்தெட்டு வருடம் யாழ்ப்பாணப் பகுதி நீதிமன்றங்களில் மொழிபெயர்ப்பாளனாக இருந்தேன். முதல் வருடத்தில், மாட்டுக் களவு வழக்கு ஒன்றில், நீதிபதி ஆங்கிலத்தில் ஒரு கேள்வி கேட்டார். சாட்சிக்கூண்டில் நின்ற கிழவர் "ஓம்" என்றார். நான் அதை "யெஸ், மை லோர்ட்" என்று ஆங்கிலப்படுத்தினேன்.

நீதிபதி பேனாவைக் கீழே வைத்தார். சாட்சி தம்மை 'மை லோர்ட்' என்று அழைத்தாரா என்று கேட்டார். இல்லை என்றேன். அப்படியானால் அழைத்தது யார் என்று கேட்டார். நீதிமன்றம் முழுவதும் என்னைப் பார்த்தது. நான்தான் என்றேன். உமக்குச் சாட்சியம் இருந்தால் கூண்டில் ஏறும், இல்லையென்றால் அவருடையதை மட்டும் சொல்லும் என்றார்.

அன்றிலிருந்து ஒரு சொல் கூட்டியதில்லை. ஒரு சொல் குறைத்ததுமில்லை. நொர்வேக்கு வந்து, அறுபதை நெருங்கும் வயதில் இந்த நாட்டு மொழியைப் படித்து, மருத்துவமனைகளிலும் அலுவலகங்களிலும் எங்கள் சனத்துக்காக மொழிபெயர்த்தபோதும் அதே ஒழுங்குதான். உளறினால் உளறலாகவே மொழிபெயர்த்தேன். பொய் சொன்னால் பொய்யை ஒழுங்காக மொழிபெயர்த்தேன். கோடு என்று நாங்கள் சொல்லும் நீதிமன்றத்தை வைத்து என்னைக் 'கோட்டு ஐயா' என்று அழைத்தவர்கள், கோட்டு ஐயா சொன்னால் சொன்னதுதான் என்றும் சொன்னார்கள். எனக்கு இருந்த சொத்து அதுவே. பிள்ளைகளுக்கு விட்டுச்செல்ல வேறு எதையும் நான் சேர்க்கவில்லை.

பெட்டிசம்

எங்கள் குடாநாட்டுக்கே உரிய ஓர் இலக்கிய வடிவம் உண்டு. கவிஞர்கள் குறைந்த கிராமத்திலும் அதற்கு ஆசிரியர்கள் குறைவில்லை. பெயர் போடாமல் அதிகாரத்துக்கு எழுதும் முறைப்பாட்டுக் கடிதம். பெட்டிசம் என்போம். நாங்கள் குளிர்நாட்டுக்கு வந்தபோது ஒடியல் மாவையும் மிளகாய்த்தூளையும் போல அதையும் கொண்டுவந்தோம்.

பக்கத்துப் பகுதியான அம்மருட்டில் இருந்த ஒரு குடும்பம் தங்கள் மகனுக்கு ஊரில் பெண் பார்த்து, பதிவுத் திருமணம் முடித்து, அந்தப் பெண்ணை இங்கே அழைக்க விண்ணப்பித்திருந்தது. விண்ணப்பம் மறுக்கப்பட்டது. அது போலித் திருமணம் என்று குடிவரவு அலுவலகத்துக்கு ஒரு பெட்டிசம் போனதாகக் கதை எழுந்தது. கடிதத்தை யாரும் கண்டதில்லை. ஆனால் அது ஒரு பிழையும் இல்லாத நொர்வேஜிய மொழியில் எழுதப்பட்டிருந்தது என்று எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

அப்படி எழுதக்கூடியவர் நடேசலிங்கம் என்று முடிவாயிற்று. அவர் மனைவியை இழந்தவர். திராமன் நகரிலிருந்து எங்கள் குடியிருப்புத் தொகுதிக்கு வந்து சில வருடங்கள்தான் ஆகியிருந்தன. அந்தக் குடும்பத்தோடு ஒரு கல்யாண வீட்டில் வாக்குவாதப்பட்டிருந்தார். தீர்ப்புக்கு இவ்வளவும் போதுமாயிற்று. தீர்ப்பை முதலில் வாய்விட்டுச் சொன்னவர் எங்கள் ஒன்றியத்தின் தலைவர் சபாநாதன்.

நாங்கள் நாகரிகமானவர்கள். யாரும் நடேசலிங்கத்தை ஏசவில்லை. அவர் வீட்டுக்கு அழைப்பிதழ் வருவது நின்றது. மண்டபத்தில் அவருடைய இருபக்கமும் ஒவ்வொரு கதிரை காலியாக இருந்தது. வடைத்தட்டு வரிசை வரிசையாகப் போகும்போது அவர் இருக்கும் வரிசையைத் தாண்டிப் போனது. அவரோ ஒவ்வொரு சனிக்கிழமையும் கழுத்துப்பட்டி கட்டிக்கொண்டு வந்து அதே இடத்தில் அமர்ந்தார்.

நானும் அவர் பக்கத்தில் போய் அமர்ந்ததில்லை. இதையும் எழுதவேண்டியது முறை.

இரண்டு வாக்கியங்கள்

படத்துக்கு வருகிறேன். ஒரு குதிரை களவு போகிறது. அந்நியனான ஒருவனைப் பிடித்து அடைக்கிறார்கள். அவன் எடுத்ததை யாரும் பார்க்கவில்லை. விசாரணைக்கு நாள் குறித்திருக்கிறது. ஊருக்கோ அதுவரை பொறுமையில்லை. கயிற்றோடு வருகிறார்கள். விதானையார் படியில் நிற்கிறார், வாயசைக்கிறார், நான் மேலே சொன்ன இரண்டு வாக்கியங்களையும் சொல்கிறேன்.

மண்டபத்தில் வடை மெல்லும் சத்தம் நின்றது. திரையில் கூட்டம் ஒவ்வொருவராகக் கலைந்தது. கடைக்காரர் கயிற்றைப் புழுதியில் போட்டுவிட்டுப் போனார். பிறகு விளக்குகள் எரிந்தபோது ஒருவரும் நடேசலிங்கம் இருந்த திசையைப் பார்க்கவில்லை. எல்லோரும் அவரைத்தான் நினைக்கிறார்கள் என்பது அதிலிருந்து தெரிந்தது.

சபாநாதன் கோப்பிக் கோப்பையோடு என்னிடம் வந்தார்.

"படம் நல்லது ஐயா. ஆனால் சபையிலை ஆளைக் குத்திக் கதைக்கிறது உங்கடை வயசுக்கு அழகில்லை."

"நான் கதைக்கேல்லை. படத்திலை இருந்ததைச் சொன்னனான்."

"அப்ப எங்கடை பிரச்சினையை அமெரிக்காக்காரன் எண்பது வருசத்துக்கு முந்தியே அறிஞ்சு எழுதி வச்சவனோ?"

பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள். என் முகத்துக்கு முன்னால் அதுவரை யாரும் அப்படிச் சிரித்ததில்லை.

அடுத்த கிழமை ஒன்றியத்திலிருந்து கடிதம் வந்தது. அந்த வசனம் எவரையும் குறிக்கவில்லை என்று நான் சபையில் சொல்லி, வருத்தமும் தெரிவிக்கவேண்டுமாம். அன்றே பதில் எழுதினேன். ஒரு சொல்லையும் நான் கூட்டவில்லை. நம்பாதவர்கள் முன்னிலையில் படத்தை மீண்டும் ஓட்டத் தயார். அந்த வசனம் படத்தில் இல்லையென்றால் இனி எவருக்காகவும் மொழிபெயர்க்க வாய் திறக்கமாட்டேன். பெயருக்குப் பின்னால் பட்டத்தையும் போட்டுக் கையொப்பமிட்டேன்.

"இஞ்சாருங்கோ, போறதுக்கு முதல் அந்தக் கொப்பியை ஒருக்கால் திறந்து பாருங்கோவன்" என்றார் என் மனைவி.

தேவையில்லை என்றேன்.

"ஏன், கொப்பி என்ன கடிக்குமோ?"

நான் திறக்கவில்லை. திறந்து சரிபார்ப்பது என் சொல்லை நானே சந்தேகிப்பதாகும் என்று நினைத்தேன். அந்த நினைப்பு பிழையானது. ஆனால் அது என்னுடைய பிழை. எவரிடமிருந்தும் கேட்டுப் பெற்றதல்ல.

நாற்பத்துமூன்றாம் அட்டை

இரண்டாம் முறை மண்டபம் நிறைந்திருந்தது. முதியோர் ஒன்றியத்துக்கு வருவதற்கு இன்னும் இருபது வருடம் இருந்தவர்கள்கூட வந்திருந்தார்கள். திராமனிலிருந்து ஒரு குடும்பம் வந்தது. சபாநாதன் தம் தங்கையின் மகள் சுகன்யாவை அழைத்து வந்து முன்வரிசையில் இருத்தியிருந்தார். இங்கேயே பிறந்து, பல்கலைக்கழகத்தில் சட்டம் படிக்கும் பெண். அட்டைகளை வாசித்துச் சொல்ல அவள். நடேசலிங்கமும் கழுத்துப்பட்டியோடு வந்திருந்தார்.

படம் ஓடியது. நான் அட்டை அட்டையாகச் சொல்லிக்கொண்டு வந்தேன். விதானையார் சிறைக்கூடத்தின் படிக்கு வந்தார். வாயசைத்தார். நான் கொப்பியின் பக்கத்தைப் புரட்டினேன்.

நாற்பத்துமூன்று. இடப்பக்கம் இரண்டு நொர்வேஜியச் சொற்கள். வலப்பக்கம், என் கையெழுத்தில், 'வீட்டுக்குப் போங்கள்.'

அவ்வளவுதான். திரை கறுத்து, அதே இரண்டு சொற்கள் வெள்ளையாக வந்து நின்றன.

அந்த நொடியில் எனக்கு விளங்கிவிட்டது. அவருடைய வாய் இரண்டு சொற்களுக்குமேல் அசைந்தது. அட்டையை எழுதியவர்கள் சுருக்கிவிட்டார்கள். மிச்சத்தை நான் நிரப்பியிருக்கிறேன். அதற்கு நான் தேடிப் போகவேண்டியும் இருக்கவில்லை. சனம் சொன்னது, ஊர் கதைத்தது என்று சாட்சிகள் தொடங்கும்போதெல்லாம், கண்டதைச் சொல், கேள்விப்பட்டதை விடு என்று இருபத்தெட்டு வருடம் நீதிபதிகளுக்காகத் தமிழில் சொன்ன வாய் இது. கயிற்றுக்கு முன்னால் ஒரு மனிதர் படியில் நிற்பதைக் கண்டதும் அதுவாகவே சொல்லிவிட்டது.

மண்டபத்தில் பெரும்பாலானவர்களுக்கு அந்த எழுத்தை வாசிக்கத் தெரியாது. மறுபடியும் அதே வசனத்தைச் சொல்லியிருக்கலாம். அந்த எண்ணம் எனக்கு வந்தது. வரவில்லை என்று சொன்னால் அது பொய்ச் சாட்சியம்.

சபாநாதன் சுகன்யாவின் பக்கம் குனிந்தார். "என்ன பிள்ளை எழுதியிருக்கு?"

அவள் திரையைப் பார்த்தாள். பிறகு அவரை விட்டு என்னைப் பார்த்தாள். என்ன நடக்கப்போகிறது என்று அவளுக்குத் தெரிந்திருந்தது.

"மாமா, படம் முடியட்டும். பிறகு சொல்லுறன்."

இங்ரிட்டிடம் படத்தை நிறுத்தச் சொன்னேன். 

"பிள்ளையைக் கேக்கவேண்டாம். நான் சொல்லுறன். இதிலை 'வீட்டுக்குப் போங்கள்' எண்டு மட்டும்தான் இருக்கு. போன முறை நான் சொன்ன வசனம் இதிலை இல்லை. அது என்ரை."

பின்வரிசைகளில் இரைச்சல் எழுந்தது. யாரோ "கோட்டு ஐயாவுமோ" என்றார். சபாநாதன் எழுந்து, கையை உயர்த்தி அமைதிப்படுத்தினார். வெற்றி பெற்றவர்களுக்கு வரும் பெருந்தன்மை அவர் குரலில் இருந்தது.

"அப்ப வருத்தம் தெரிவிக்கிறியள்."

"ஓம். மொழிபெயர்ப்பிலை சொல்லுக் கூட்டினதுக்கு வருத்தம் தெரிவிக்கிறன். சொன்ன சொல்லுக்கு இல்லை. போன முறை அந்த மனுசன்ரை வாயிலை வச்சுச் சொன்னனான். இண்டைக்கு என்ரை வாயாலை சொல்லுறன். அந்தக் கடிதத்தைக் கண்டவை ஆரும் இருந்தால் முன்னுக்கு வாங்கோ. கேள்விப்பட்டவை வீட்டை போகலாம்."

யாரும் முன்னுக்கு வரவில்லை. யாரும் வீட்டுக்கும் போகவில்லை. படமும் முடியவில்லை, வடையும் இன்னும் வரவில்லை.

"விதானையாருக்கு என்ன நடந்தது எண்டு பாக்கவேணும். படத்தைப் போடுங்கோ" என்றது பெண்கள் வரிசை.

எழுத்தில் கொடுத்த வாக்கின்படி இனி நான் வாய் திறக்க முடியாது. கொப்பியைச் சுகன்யாவிடம் கொடுத்தேன். அவள் திக்கித் திக்கி, ளகரங்களில் தடுக்கி, ஆனால் ஒரு சொல்லும் கூட்டாமல் வாசித்து முடித்தாள்.

நான் போய் அமர்ந்தேன். அவ்வளவு கூட்டத்திலும் காலியாக இருந்தவை இரண்டு கதிரைகள். இரண்டும் நடேசலிங்கத்தின் இருபக்கமும். இதில் நான் பெருமைப்பட ஒன்றுமில்லை. வேறு இடம் இருக்கவில்லை.

"நான் உங்களிட்டை ஒண்டும் கேக்கேல்லை" என்றார் அவர், திரையைப் பார்த்தபடி.

"தெரியும்" என்றேன்.

அதற்குப் பிறகு

திங்கட்கிழமை, அரசாங்க மொழிபெயர்ப்பாளர் பட்டியலிலிருந்து என் பெயரை எடுத்துவிடுமாறு எழுதி அனுப்பினேன். காரணம் கேட்டார்கள். ஒரு வசனம் கூட்டினேன் என்றேன். எந்த வழக்கில் என்று கேட்டார்கள். ஒரு குதிரைக் களவில் என்றேன். அதற்குமேல் அவர்கள் கேட்கவில்லை.

பங்குனி முடிவதற்குள் கதை இடம் மாறிவிட்டது. பெட்டிசம் எழுதியது கோட்டு ஐயாவாம். பிழையில்லாத நொர்வேஜிய மொழி அவருக்கும் வரும்தானே. இல்லாததை எழுதக்கூடியவர் என்று அவரே சபையில் ஒப்புக்கொண்டாரே. நடேசலிங்கத்துக்காக அவர் ஏன் வரிந்துகட்டவேண்டும், மடியில் ஒன்றும் இல்லாவிட்டால்? இவ்வளவு ஒழுங்காகக் கட்டப்பட்ட வழக்கை நான் நீதிமன்றத்தில்கூட அதிகம் கண்டதில்லை.

நடேசலிங்கமே அதை எனக்குச் சொன்னார். சுரங்க ரயில் மேடையில், வண்டிக்குக் காத்திருந்தபோது.

"ஐயா, இப்ப உங்களையெல்லோ சொல்லுகினம்."

"அறிஞ்சன்."

"எனக்கு ஒரு சாமத்தியவீட்டுக்குச் சொல்லியிருக்கினம்." யாரோ வீட்டுப் பெண்பிள்ளையின் பூப்பு நீராட்டு விழா அது. அவர் வண்டி வரும் திசையைப் பார்த்தார். "போகட்டோ?"

"போங்கோ. அவையின்ரை வீட்டிலை சாப்பாடு நல்லாயிருக்கும்."

அவர் போனார். அதன்பின் வந்த சனிக்கிழமைகளில் அவர் எனக்கு இரண்டு வரிசை முன்னால் அமர்ந்து, வடைத்தட்டை வாங்கி அடுத்தவருக்குக் கொடுத்துக்கொண்டிருந்தார். திரும்பிப் பார்க்கவில்லை. பார்ப்பார் என்று எதிர்பார்த்து அந்த வசனத்தை நான் சொல்லவில்லை. என்னுடைய இருபக்கமும் கதிரைகள் காலியாக இருந்தன. குளிர்ச்சட்டையை ஒன்றில் வைத்தேன். தொப்பியை மற்றதில் வைத்தேன். ஒரு சனிக்கிழமையும் தவறாமல் போனேன்.

என் மனைவிதான் பாரத்தைச் சுமந்தார். கடையில் பெண்கள் கதையை நிறுத்திவிட்டு மரக்கறியைப் பார்ப்பார்களாம். "நான் எழுதேல்லை எண்டு சபையிலை ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கோவன்" என்று ஒருநாள் கேட்டார். நாற்பது வருடத்தில் அவர் என்னிடம் அதிகம் கேட்டதில்லை. சொல்லமுடியாது என்றேன். நடேசலிங்கத்தை, கண்டவர் யார் என்று கேட்காமலே தண்டித்தார்கள். நான் இப்போது 'இல்லை' என்று சொன்னால், கேள்விப்பட்டதற்குப் பதில் சொல்லவேண்டியது ஒரு மனிதனின் கடமை என்று நானே ஒப்புக்கொண்டதாகும்.  மனைவி அடுத்த நாளும் அதே கடைக்குப் போனார்.

வருடங்கள் ஓடிவிட்டன. இத்தொடர் வெளிவரத் தொடங்கியதும் பெட்டிசம் எழுதியது நான்தானா என்ற பழைய கேள்வி மறுபடியும் வருகிறது. இப்போது மிகவும் மரியாதையாக, நீண்டகால வாசகர் என்ற முன்னுரையோடு வருகிறது. அந்தக் கடிதத்தைத் தம் கண்ணால் கண்டவர் ஒருவர் கேட்டால், அவர் எதிரில் நின்று பதில் சொல்வேன். இதுவரை அப்படி ஒருவர் வரவில்லை. என் மனைவி கேட்ட அந்த ஒரு வார்த்தையை இந்தப் பக்கங்களிலும் நான் எழுதவில்லை என்பதை வாசகர்கள் கவனித்திருப்பார்கள்.